கௌரவத் தோற்றம்

மார்ச் 5, செவ்வாய்

ரூத் சொல்லித்தான் இந்த நோட்டு. அவருக்குப் பேச்சுப் பயிற்சி கொடுக்கச் செவ்வாயும் வெள்ளியும் வருகிற பெண். "ஆன்ட்டி, அங்கிள் ஒரு நாளைக்கு எத்தனை தடவை பேசறார், எதுக்காகப் பேசறார், எந்தக் குரல்ல பேசறார்னு தினம் எழுதி வைங்க. நான் வர்றப்போ படிச்சுக் காட்டுங்க" என்றாள்.

அவர் என்றால் என் கணவர் தெய்வநாயகம். அறுபத்தொன்பது வயது. மின்வாரிய அலுவலகத்தில் வேலை பார்த்துக்கொண்டே எங்கள் நாடகக் குழுவுக்குப் பதினான்கு நகைச்சுவை நாடகங்கள் எழுதினார். பதினான்கிலும் நான் நடித்தேன். போன அக்டோபரில் பக்கவாதம் வந்து வலது கை, வலது கால், பேச்சு மூன்றும் போயின. நாம் பேசுவது எல்லாம் புரிகிறது. பேப்பரை மடியில் வைத்தால் அரை மணி நேரம் பார்க்கிறார். படிக்கிறாரா தெரியாது. வாயில் மிஞ்சியது ஒரே ஒரு சொல். "அப்புறமா."

ஏன் அந்தச் சொல் என்று கேட்டேன். சிலருக்கு அதிகம் புழங்கிய சொல் ஒன்று தங்கிவிடும் என்றாள் ரூத். எனக்கு ஆச்சரியமாக இல்லை. அவர் எழுதிக்கொண்டிருக்கும்போது சாப்பிடக் கூப்பிட்டாலும், வாசலில் ஆள் வந்திருந்தாலும், மகள் பொற்கொடிக்குக் காய்ச்சல் என்றாலும் அதுதான் பதில்.

இன்று ஒன்பது முறை. காலையில் குழைத்த இட்லி, மதியம் ரசம் சாதம் மிக்ஸியில் அடித்தது. புரையேறவில்லை.

மார்ச் 8, வெள்ளி

பன்னிரண்டு முறை. காபி சூடாக இருந்தால் "அப்" என்பதில் அழுத்தம் விழுகிறது, மீதி தொண்டைக்குள் போய்விடுகிறது. சிறுநீர் வந்தால் வேகமாக இரண்டு முறை. பகலில் பார்த்துக்கொள்ள வருகிற வளர்மதி தலை வாரிவிட்டால் கடைசி "மா" நீள்கிறது, கிட்டத்தட்ட நன்றி சொல்வதுபோல. டிவியில் மோசமான வசனம் வந்தால் மூக்கால் ஒன்று. எல்லாவற்றுக்கும் உதடு இடப்பக்கம் கொஞ்சம் ஏறுகிறது. புருவம் முதலில், சொல் பிறகு.

ரூத்திடம் படித்துக் காட்டினேன். "நீங்க நடிகைங்கிறதால இவ்வளவு நுணுக்கமாக் கேக்கறீங்க" என்றாள். சந்தோஷமாக இருந்தது.

மார்ச் 13, புதன்

ஜெயசீலன் போன் செய்தான். "லிஃப்ட் வேலை செய்யவில்லை" என்று ஏழரை மணிக்கு வருகிற நகைச்சுவைத் தொடரின் இயக்குநர். எங்கள் குழுவில் திரை இழுத்துக்கொண்டிருந்தவன், என்னைச் சாரும்மா என்றுதான் கூப்பிடுவான்.

"சாரும்மா, மூணு எபிசோட். ஹவுஸ் ஓனரோட அக்கா ஊர்லேருந்து வர்றாங்க, வந்து எல்லாரையும் திட்டிட்டுப் போறாங்க. கெஸ்ட் ரோல்தான். உங்களை விட்டா யாரு?"

அக்டோபருக்குப் பிறகு நான் எங்கும் போகவில்லை. வளர்மதியைக் கேட்டேன். காலை எட்டிலிருந்து மாலை ஏழு வரை இருக்கிறேன் என்றாள். அவரிடம் சொன்னேன். "அப்புறமா" என்றார். போ என்ற மாதிரிதான் இருந்தது.

வயது அறுபத்திரண்டு. பக்கத்து வீட்டு மாமி, பள்ளிக்கூட ஆயா, பஸ்ஸில் சண்டை போடுகிற பெண் என்று எவ்வளவோ செய்தாயிற்று. பேர் சொல்லி ஒருவரும் நினைவில் வைத்துக்கொள்ளவில்லை. நாடகத்துக்குப் பாராட்டு வந்தாலும் வசனத்துக்குத்தான் வரும். அது சரிதான், நல்ல வசனங்கள்.

மார்ச் 19, செவ்வாய்

வளசரவாக்கத்தில் படப்பிடிப்பு. வசனத்தாள் கையில் வந்தபோது சோர்ந்துபோனேன். இரண்டு பக்கம் திட்டு. ஒரு வரிகூட வாயில் ஒட்டவில்லை. அவர் எழுதியிருந்தால் நான்கு வரியில் முடித்திருப்பார்.

முதல் டேக்கில் ஹவுஸ் ஓனராக நடிக்கிறவர் கேட்டார், "அக்கா, லிஃப்ட்டை எப்போ சரி பண்ணலாம்?" நான் திட்ட வேண்டும். திட்டு வரவில்லை. "அப்புறமா" என்றேன். அவர் சமாளித்துக்கொண்டு, "சாப்பிட்டியாக்கா?" என்றார். "அப்புறமா." "மாமா செத்து எத்தனை வருஷம்க்கா ஆச்சு?" "அப்புறமா."

கேமராமேன் தோள் குலுங்குவது தெரிந்தது. கட் சொல்ல ஜெயசீலனுக்கு வாய் வரவில்லை. வசனத்தாளைக் கிழித்துப் போட்டுவிட்டு, "மூணு எபிசோடும் இது ஒண்ணுதான் உங்க டயலாக்" என்றான்.

எங்கிருந்து பிடித்தீர்கள் என்று எல்லோரும் கேட்டார்கள். தானாக வந்தது என்றேன். தானாகத்தான் வந்தது.

இன்று ரூத் வந்தபோது நான் இல்லை.

மார்ச் 20, புதன்

பதினொரு முறை. மலச்சிக்கல். இரவு விளக்கெண்ணெய் கொடுக்க வேண்டும்.

மார்ச் 21, வியாழன்

நாளை மறுநாள் இரண்டாவது நாள் படப்பிடிப்பு. அதில் அக்காவுக்குக் கோபம் வருகிற காட்சி இருக்கிறது.

காலையில் அவர் மூக்குக்கண்ணாடியை எடுத்து அலமாரி மேல் வைத்தேன். கண்ணால் பார்க்கிற உயரம், கைக்கு எட்டாது. ஒரு பொருளைத் தானாகக் கேட்க வைப்பதும் பயிற்சிதான் என்று ரூத் எப்போதோ சொல்லியிருக்கிறாள். முதலில் சாதாரணமாகக் கேட்டார். பிறகு அழுத்தி. பிறகு, இதுவரை கேட்காத ஒரு மாதிரி, "அ" என்பதைப் பல்லுக்குள் நிறுத்திவைத்து மீதியை எறிகிற மாதிரி. வலது கை மடியில் சுருண்டு கிடந்தது, இடது கையால் அதைத் தூக்கி நாற்காலிக் கைப்பிடியில் அடித்தார். பத்து நிமிடம் இருக்கும். பிறகு எடுத்துக் கொடுத்தேன்.

நல்ல பயிற்சி. மொத்தம் பத்தொன்பது முறை.

மார்ச் 23, சனி

கோபக் காட்சி ஒரே டேக். வலது கையை முந்தானைக்குள் மடக்கி வைத்துக்கொண்டு இடது கையால் அதைத் தூக்கி மேஜையில் அடித்தேன். யூனிட் முழுக்கக் கைதட்டியது. மேக்கப் போடும் பெண் சிரித்துச் சிரித்துக் கண்மையை அழித்துக்கொண்டாள்.

வீட்டுக்கு வந்தபோது அவர் தூங்கியிருந்தார்.

ஏப்ரல் 4, வியாழன்

இன்று ஒளிபரப்பு. ஆறு மணிக்கே வெந்நீரில் துடைத்துவிட்டு, சலவைச் சட்டை போட்டு, டிவிக்கு எதிரில் உட்கார வைத்தேன். வளர்மதியும் வீட்டுக்குப் போகாமல் இருந்தாள்.

நான் திரையில் வந்ததும் இடது கையை லேசாக உயர்த்தினார். அது பழைய வழக்கம், நான் மேடைக்கு வரும்போது பக்கத்திரைக்குள் நின்று அப்படித்தான் செய்வார். முதல் "அப்புறமா"வுக்கு வளர்மதி சிரித்தாள். இரண்டாவதற்கும். மூன்றாவதற்கு அவள் சிரிக்கவில்லை, திரும்பி அவரைப் பார்த்தாள்.

அவர் கடைசிவரை பார்த்தார். கண்ணில் தண்ணீர் வந்தது. பக்கவாதத்துக்குப் பிறகு வலது கண்ணில் எப்போதும் கொஞ்சம் நீர் இருக்கும், சிரித்தாலும் வரும். ரசித்தார் என்றுதான் நினைக்கிறேன்.

ஏப்ரல் 5, வெள்ளி

காலையில் நான்கு முறை. இரண்டாவது எபிசோட் பார்த்த பிறகு இல்லை. இன்று ரூத் வரவில்லை, அவள் குழந்தைக்கு உடம்பு சரியில்லையாம்.

ஏப்ரல் 9, செவ்வாய்

மூன்றாவது எபிசோட் நேற்று முடிந்தது. ஜெயசீலன் போனில், இரண்டு நாளில் அந்தக் கோபக் காட்சியின் வீடியோத் துண்டை எத்தனையோ லட்சம் பேர் பார்த்திருக்கிறார்கள் என்றான்.

ரூத் வந்தாள். முக்கால் மணி நேரம் அட்டை காட்டினாள், பாட்டுப் பாடினாள், அவர் கையைப் பிடித்துத் தாளம் போட்டாள். அவர் வாய் திறக்கவில்லை.

"என்ன ஆன்ட்டி, ஏதாவது நடந்துச்சா?"

"வெயில்" என்றேன்.

"நோட்டைப் படிங்க."

"வேலை அதிகம்மா. எழுதவே இல்லை."

ஏப்ரல் 14, ஞாயிறு

வருஷப் பிறப்பு. மாங்காய்ப் பச்சடியில் ஒரு சொட்டு அவர் நாக்கில் வைத்தேன். முகம் சுளித்தார்.

கோயம்புத்தூரிலிருந்து பொற்கொடி பேசினாள். கல்லூரியில் பாடம் நடத்துகிறாள். வாழ்த்தெல்லாம் சொல்லி முடித்தாள்.

"அம்மா, எங்க ஸ்டாஃப் ரூம்ல எல்லாரும் உன்னோட சீனைப் பார்த்துச் சிரிச்சாங்க. நானும் சிரிச்சேன். அப்புறம் கை வந்துச்சு. அந்தக் கையைத் தூக்கி அடிக்கிறது."

"ம்."

"அது அப்பா."

"நடிகைன்னா எங்கேயாவது பார்த்துத்தான் எடுப்பா. உங்கப்பா பேச்சை முப்பது வருஷம் பேசியிருக்கேன், புதுசா என்ன?"

"அதெல்லாம் அவர் எழுதி உன் கையில கொடுத்தது. இது அவர் கொடுக்கலையே."

வெயிலைப் பற்றிக் கேட்டேன். அங்கேயும் அதிகம்தானாம்.

ஏப்ரல் 27, சனி

எங்கே போனாலும் அதுதான். காய்கறிக் கடையில் கத்தரிக்காய் எப்போ வரும் என்று யாரோ கேட்க, கடைக்காரர் என்னைப் பார்த்துக்கொண்டே "அப்புறமா" என்கிறார். ஆட்டோக்காரர் செல்ஃபி எடுத்துக்கொண்டார். நாற்பது வருஷமாக நங்கநல்லூரில் இருக்கிறேன், முதல் தடவையாகப் பூக்கடைக்காரப் பெண் என் பெயரைக் கேட்டாள்.

சாயங்காலம் அவரை வீல்சேரில் கீழே இறக்கினோம். லிஃப்ட்டில் மூன்றாம் மாடிக்காரர் இருந்தார். நல்ல மனிதர், அக்டோபரில் ஆம்புலன்ஸுக்கு ஓடியவர். குனிந்து அவரிடம், "எப்படி இருக்கீங்க சார்? அப்புறமாவா?" என்றார். எல்லோரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன், சிரிக்காவிட்டால் நன்றாக இருக்காது.

வளர்மதி சிரிக்கவில்லை. இன்று இரண்டு முறை, இரண்டும் சிறுநீருக்கு.

மே 6, திங்கள்

மாதாந்திரப் பரிசோதனை. ரத்தம் எடுத்தார்கள், ஸ்கேன் எடுத்தார்கள், பிறகு டாக்டர் வரும்வரை வார்டில் ஒரு கட்டிலில் படுக்க வைத்தார்கள். வளர்மதிக்கு இன்று லீவு. நான் மருந்து வாங்கக் கீழே போனேன். வரிசை நீளம், அரை மணி நேரம் ஆகிவிட்டது.

திரும்பி வந்தபோது கட்டிலைச் சுற்றி மூன்று பேர் நின்றிருந்தார்கள். வார்டு ஊழியர் ஒருவர், பக்கத்துக் கட்டில் நோயாளியின் சொந்தக்காரர்கள் இரண்டு பேர். ஊழியர் என்னைப் பார்த்ததும் கும்பிட்டார். "நீங்கதானா அம்மா? அதான். சார் செம ஜாலி டைப்பும்மா. என்ன கேட்டாலும் உங்க டயலாக்கையே சொல்றாரு. நாங்களும் இன்னொரு தடவை சொல்லுங்க சார், இன்னொரு தடவை சொல்லுங்க சார்னு கேட்டுக்கிட்டே இருக்கோம்."

அவர் சுவரைப் பார்த்துக்கொண்டிருந்தார். போர்வையைத் தூக்கினேன். நனைந்திருந்தது. முதுகுவரை போயிருந்தது.

ஊழியருக்கு முகம் வெளிறிவிட்டது. "சொல்லவே இல்லையேம்மா" என்றார்.

சொன்னார். அரை மணி நேரம் சொல்லியிருக்கிறார்.

அந்த ஊழியர்தான் என்னோடு சேர்ந்து துடைத்து, துணி மாற்றினார். மன்னிப்புக் கேட்டுக்கொண்டே இருந்தார். அவர் மேல் தப்பில்லை. சேர்க்கைத் தாளில் நோயாளிக்குப் பேச்சு இல்லை என்று எழுதியிருக்கிறது, யார் படிக்கிறார்கள்.

மே 7

இல்லை.

மே 8

இல்லை.

மே 10, வெள்ளி

இல்லை. ரூத்திடம் மருத்துவமனை விஷயத்தைச் சொன்னேன். டாக்டரோடு போனில் பேசினாள். புதிதாக மூளையில் எதுவும் இல்லை, ஸ்கேன் பழைய மாதிரிதான் இருக்கிறது.

"முடியாம இல்ல ஆன்ட்டி" என்றாள். "வேணாம்னு இருக்கார்."

செருப்பு மாட்டும்போது நின்று, "நான் டிவி பார்க்கிறதில்லை. நேத்துத்தான் என் வீட்டுக்காரர் அந்த வீடியோவைக் காட்டினார்" என்றாள். அவள் மேலே ஏதாவது சொல்லட்டும் என்று வாசலிலேயே நின்றேன். படியில் இறங்கிப் போய்விட்டாள்.

இப்போது சிறுநீருக்கு மணி ஒன்று வாங்கி இடது கையில் கட்டியிருக்கிறோம். அடிக்கிறார்.

மே 22, புதன்

ஜெயசீலன். "சாரும்மா, உக்காந்துக்கோங்க. அவார்டுக்கு உங்க பேர் போயிருக்கு. நகைச்சுவைத் தொடர், சிறந்த கௌரவத் தோற்றம். மூணே பேர், அதுல நீங்க."

உட்கார்ந்தேன்தான். அவன் பேசிக்கொண்டே போனான். ஜூன் எட்டாம் தேதி, மாலை ஐந்து மணி, பெரிய அரங்கம். தொகுப்பாளரோடு இரண்டு நிமிடம் மேடையில் அந்தக் காட்சியைச் செய்ய வேண்டும், சேனல் கேட்கிறது.

"யோசிச்சுச் சொல்றேன்" என்றேன்.

"யோசிக்க என்னம்மா இருக்கு? நாற்பது வருஷ உழைப்பு."

சமையலறையில் போய் நின்று அழுதேன். சந்தோஷமும் இருந்தது. அதை எழுதாமல் விட்டால் பொய்யாகிவிடும்.

மே 25, சனி

பொற்கொடி வந்திருக்கிறாள். வந்ததும் அவர் காலடியில் தரையில் உட்கார்ந்து, காலேஜ் கதையெல்லாம் சொன்னாள். அவர் அவள் தலைமேல் கை வைத்திருந்தார். மணி சிணுங்கிக்கொண்டே இருந்தது.

மதியம் சாப்பிடும்போது, "போகப் போறியா?" என்றாள்.

"உங்கப்பாகிட்டக் கேட்டுட்டுத்தான்."

"கேளு. நான் இருக்கும்போதே கேளு."

ரூத் கொடுத்த அட்டைகள் இருக்கின்றன. பச்சை சரி, சிவப்பு வேண்டாம். இரண்டையும் மடிப்பலகையில் வைத்து, விருது பற்றிச் சொல்லி, "நான் போகட்டுமாங்க?" என்றேன். வெகுநேரம் பலகையைப் பார்த்தார். பிறகு விரலைப் பச்சையில் வைத்தார்.

"பார்த்தியா?" என்றேன்.

பொற்கொடி பலகையைச் சுட்டினாள். பச்சை அட்டை அவருடைய இடது கைக்குப் பக்கத்தில் இருந்தது. சிவப்பு அந்தக் கோடியில், எட்டாத தூரத்தில்.

"மாத்தி வெச்சுக் கேளும்மா."

அவருக்கு அசதியாக இருக்கும், படுக்க வைக்கலாம் என்றேன்.

மே 26, ஞாயிறு

பொற்கொடி ரயிலேறிவிட்டாள். மாற்றி வைத்துக் கேட்கவில்லை. போகிறேன் என்று ஜெயசீலனிடம் சொல்லிவிட்டேன். மேடையில் இது என் கணவரின் சொல், அவர் நோயாளி, அவருக்கு நன்றி என்று எல்லோர் முன்னாலும் சொல்லப் போகிறேன். அதற்காகத்தான் போகிறேன்.

ஜூன் 3, திங்கள்

பேச வேண்டியதை எழுதி மனப்பாடம் செய்தேன். ஆறு வரி. எழுத எனக்கு வரவில்லை. நாலு முறை அடித்துத் திருத்தினேன். அவர் இருக்கிறார், எதிரிலேயே இருக்கிறார், ஆனால் எப்படி அவரிடம் காட்டுவது.

ஜூன் 9, ஞாயிறு

நேற்று நடந்ததை இன்று எழுதுகிறேன்.

என் பெயரைத்தான் சொன்னார்கள். படியேறினேன். மேடை எனக்குப் பழக்கம். கேடயம் கனமாக இருந்தது. தொகுப்பாளர் சின்னப் பையன் மாதிரி இருந்தான், மரியாதையாகத்தான் பேசினான். மைக்கை என்னிடம் கொடுக்கவில்லை, தானே பிடித்துக்கொண்டான்.

"அம்மா, இந்த அவார்டை யாருக்கு டெடிகேட் பண்றீங்க?"

அவர்கள் எழுதி வைத்திருந்த முதல் கேள்வி அதுதான். அதற்கு "அப்புறமா" என்று சொல்ல வேண்டும். ஒத்திகையில் அப்படித்தான் சொன்னேன். ஆறு வரியை அங்கேயே ஆரம்பித்துவிடலாம் என்று வாயைத் திறந்தேன். "இது என்னோட சொல் இல்லை" என்றேன். அரங்கம் சிரித்தது. வேறு என்னவோ வேடிக்கை வரப்போகிறது என்று நினைத்தார்கள். தொகுப்பாளர் பதறிப்போய், கண்ணால் கெஞ்சிக்கொண்டே, "அம்மா, அப்போ உங்க சொல் எது?" என்றான்.

ஆறு வரியும் மறந்துவிட்டது. நாற்பது வருஷத்தில் மேடையில் நான் வசனம் மறந்ததில்லை.

அப்போது வாயில் வந்தது அந்தச் சொல்தான். ஆனால் தொடரில் செய்த எதுவும் இல்லை. மருத்துவமனைக் கட்டிலில் எப்படிச் சொல்லியிருப்பார் என்று இந்த ஒரு மாதமாக எனக்குள் கேட்டுக்கொண்டிருந்த மாதிரி. வேகமாக இரண்டு முறை, பிறகு கெஞ்சி ஒரு முறை, பிறகு மூச்சு மட்டும். கண்ணீரோடுதான் சொன்னேன். அதைக் கேட்டால் யாருக்காவது புரியும் என்று நினைத்தேன்.

அவ்வளவு பெரிய சிரிப்பை என் வாழ்க்கையில் நான் வாங்கியதில்லை. எழுந்து நின்று கைதட்டினார்கள். முன்வரிசையில் ஒரு அம்மாள் வயிற்றைப் பிடித்துக்கொண்டாள்.

சரியான இடத்தில் ஒரு நொடி நிறுத்திவிட்டு நான்காவது முறை சொன்னேன். அதுதான் உண்மை. சிரிப்பு அடங்கப் போகிறது என்று தெரிந்தது, அடங்கவிடாமல் சொன்னேன்.

ஜூன் 10, திங்கள்

காலையில் வளர்மதியைக் கொஞ்ச நேரம் கடைக்கு அனுப்பிவிட்டு, இந்த நோட்டை எடுத்துக்கொண்டு அவர் எதிரில் உட்கார்ந்தேன். முதல் பக்கத்திலிருந்து படித்தேன். எதையும் விடவில்லை. காபிச் சூடு, மூக்கால் சொல்வது, நன்றி மாதிரி இழுப்பது. கண்ணாடியை அலமாரி மேல் வைத்த பக்கத்தில் நிறுத்தினேன். தண்ணீர் குடித்துவிட்டு மறுபடி முதலிலிருந்து அந்தப் பக்கத்தைப் படித்தேன்.

"பயிற்சின்னு எழுதியிருக்கேன். பயிற்சியில்லைங்க. எனக்கு அந்தக் கோபம் வேணும், அதுக்காகத்தான் எடுத்து வெச்சேன்" என்றேன்.

கேட்டுக்கொண்டிருந்தார். அரங்கத்தில் நான்காவது முறை சொன்னதையும் படித்தேன்.

முடித்ததும் காத்திருந்தேன். அடித்திருந்தால்கூட நன்றாக இருந்திருக்கும். மணியை அடித்தார். பாத்ரூமுக்கு என்று நினைத்துத் தூக்கப் போனேன். இல்லை என்று தலையசைத்தார். மறுபடி அடித்தார். வாசல் பக்கம் பார்த்தார். வளர்மதி வரவேண்டும் என்கிறார் என்று புரியக் கொஞ்ச நேரமாயிற்று.

ஜூன் 18, செவ்வாய்

ஞாயிற்றுக்கிழமை விருது விழாவை ஒளிபரப்பினார்கள். நாங்கள் டிவி போடவில்லை. பக்கத்து வீட்டிலிருந்து கேட்டது. ஜன்னலைச் சாத்தினேன்.

இன்று ஜெயசீலன். அடுத்த மாதத்திலிருந்து அக்கா பாத்திரம் தினமும் வருகிறதாம்.

"நான் வரலைப்பா."

"ஏம்மா?"

எல்லாவற்றையும் சொன்னேன். அவன் அவரை ஐயா என்று கூப்பிடுவான். திரை இழுக்கிற காலத்தில் அவர் டிபன் பாக்ஸிலிருந்து சாப்பிட்டவன்.

"எனக்குத் தெரியாதும்மா. சத்தியமாத் தெரியாது" என்றான். "அன்னிக்கு செட்ல எங்கே பிடிச்சீங்கன்னு கேட்டேனே."

"கேட்டே. நான்தான் சொல்லலை."

பிறகு, "அக்காவா வர்றவளை அந்தச் சொல்லை விட்டுட்டு வேற ஏதாவது வெச்சுக்கச் சொல்லு" என்றேன்.

"இனிமே என் கையில இல்லம்மா. அந்தச் சொல்லை ஒரு கம்பெனி விளம்பரத்துக்கு வாங்கிட்டாங்க."

ஜூலை 15, திங்கள்

அக்காவாக வேறு ஒருத்தி நடிக்கிறாள். எனக்குத் தெரிந்தவள்தான், நல்ல நடிகை. வலது கையை முந்தானைக்குள் மடக்கி வைத்துக்கொள்கிறாள். ஏன் மடக்குகிறோம் என்று அவளுக்குத் தெரியாது.

ஏழரை மணிக்கு நாங்கள் மொட்டை மாடிக்குப் போய்விடுகிறோம். விமானங்கள் தாழ்வாகப் போகின்றன. அவர் நிமிர்ந்து பார்ப்பார். நான் வீல்சேர் பிரேக்கைப் பிடித்துக்கொண்டு பின்னால் நிற்பேன். எதிரில் போய் நிற்பதில்லை.

ஜூலை 26, வெள்ளி

ரூத் இப்போது அறைக்கதவைச் சாத்திக்கொண்டு பயிற்சி தருகிறாள். கதவைக் காட்டி அவர்தான் மணியடித்துக் கேட்டாராம். "தப்பா நினைக்காதீங்க ஆன்ட்டி" என்றாள். நினைக்கவில்லை. முக்கால் மணி நேரம் துணி மடித்தேன். உள்ளே அவள் பாடுவது கேட்டது, அவள் குரல் மட்டும்.

ஆகஸ்ட் 8, வியாழன்

வலது காலில் வீக்கம் குறைந்திருக்கிறது. கீரை மசியல் முழுவதும் சாப்பிட்டார்.

ஆகஸ்ட் 20, செவ்வாய்

பதினோரு மணி இருக்கும். நான் சமையலறையில் பாத்திரம் கழுவிக்கொண்டிருந்தேன். வளர்மதி அவருக்கு முகச்சவரம் செய்துகொண்டிருந்தாள். தண்ணீர் சத்தத்துக்கு நடுவே ஒரு குரல் கேட்டது. ஆண் குரல். கரகரப்பாக, உடைந்து. வளர்மதி "என்னங்க ஐயா? என்ன சொன்னீங்க?" என்கிறாள், அழுகிற குரலில்.

ஓடினேன். நுரை பாதி முகத்தில் இருந்தது. என்னைப் பார்த்ததும் அவர் வாயை மூடிக்கொண்டார்.

வளர்மதி என்னையும் அவரையும் மாறி மாறிப் பார்த்தாள். "ஐயா பேசினாங்கம்மா. பழைய சொல் இல்லைம்மா, புதுசு."

"சரி. நீ பாரு" என்று சொல்லிவிட்டுத் திரும்பி சமையலறைக்கு வந்தேன். குழாயை நிறுத்தினேன். கையைத் துடைக்காமல் அப்படியே நின்றேன். கொஞ்ச நேரம் கத்தி வழிக்கிற சத்தம் மட்டும் இருந்தது.

பிறகு இன்னொரு முறை சொன்னார். தெளிவாகவே கேட்டது.

எப்படிச் சொன்னார் என்றும், அது என்ன சொல் என்றும் இங்கே எழுதப் போவதில்லை.